திறந்து கிடந்த ஃபோல்டர்

போட்டித் தேர்வுக்குப் படிக்கும் பிள்ளைகள் எங்கள் கிளை நூலகத்துக்குக் காலையிலேயே வந்துவிடுவார்கள். சென்ற மாதம் அவர்களில் ஒரு தம்பி, "சார், ஆறாவதுல இருந்து பன்னிரண்டாவது வரைக்கும் எல்லாப் புத்தகமும் என் டிரைவ்ல இருக்கு. லிங்க் அனுப்பறேன், கேக்கறவங்களுக்குக் குடுங்க" என்றார்.

திறந்து பார்த்தேன். பாடநூல்கள் இருந்தன. கடையில் இன்றும் விற்கும் இரண்டு வழிகாட்டி நூல்கள் பக்கம் பக்கமாக ஸ்கேன் செய்யப்பட்டு இருந்தன. அவற்றுக்குக் கீழே அவருடைய ஆதார், மதிப்பெண் சான்றிதழ், அவர் அப்பாவின் வங்கிப் பாஸ்புக் முதல் பக்கம்!

விண்ணப்பம் போடுவதற்காக அதே ஃபோல்டரில் ஏற்றி வைத்திருக்கிறார். கூகுள் டிரைவில் ஒரு ஃபோல்டரைப் பகிர்ந்துவிட்டால், பிறகு அதற்குள் போடும் கோப்புக்கும் அதே அனுமதி ஒட்டிக்கொள்ளும். இது பலருக்கும் தெரிவதில்லை. 'எனிஒன் வித் த லிங்க்' என்று வைத்திருந்தால், வாட்ஸ்அப்பில் கைமாறிக் கைமாறி அந்த லிங்க் யாரிடம் போய்ச் சேர்ந்தாலும் அவர் திறக்கலாம். உடனே உட்கார்ந்து, அனுமதி பெற்றவர் மட்டும் திறக்கும்படி 'ரெஸ்ட்ரிக்டட்' என மாற்றினோம். ஆனால் அதற்குள் யாராவது இறக்கி வைத்திருந்தால் அதைத் திரும்பப் பெற வழியில்லை. அந்தத் தம்பியின் முகம் வெளுத்துப்போனது இன்னும் கண்ணில் நிற்கிறது.

சான்றிதழ்களுக்குத் தனி ஃபோல்டர் வையுங்கள். யாருக்கு வேண்டுமோ அவருடைய மின்னஞ்சல் முகவரிக்கு மட்டும், பார்க்கும் அனுமதியோடு பகிருங்கள். வேலை முடிந்ததும் அந்த அனுமதியை நீக்கிவிடுங்கள். முழு ஆதார் எண் கேட்கப்படாத இடத்தில், கடைசி 4 இலக்கம் மட்டும் தெரியும் மறைக்கப்பட்ட ஆதாரைக் கொடுக்கலாம். நெட் சென்டர் கணினியில் உள்நுழைந்தால் வெளியேறாமல் எழுந்திருக்காதீர்கள்.

இனிப் புத்தகங்கள். தமிழ்நாட்டுப் பாடநூல்களை அரசே தன் தளத்தில் இலவசமாக வைத்திருக்கிறது. தம்பியிடம் இருந்தவற்றில் சில, 2018-19இல் புதிய பாடத்திட்டம் வருவதற்கு முந்தையவை. யாரோ கொடுத்த லிங்க்கை நம்பி, மாறிப்போன பாடத்தை மாதக்கணக்கில் படித்திருக்கிறார்.

வழிகாட்டி நூல்களின் கதை வேறு. எழுதியவர் உயிரோடு இருக்கிறார், அந்த விற்பனையை நம்பி இருக்கிறார். 1957ஆம் ஆண்டின் பதிப்புரிமைச் சட்டம் 63ஆம் பிரிவில், தெரிந்தே உரிமையை மீறுவதற்கு 6 மாதம் முதல் 3 ஆண்டு வரை சிறை என்கிறது.

நம் சட்டப்படி ஆசிரியர் மறைந்த ஆண்டுக்கு அடுத்த ஆண்டிலிருந்து 60 ஆண்டுகள் உரிமை நீடிக்கும். 1964இல் மறைந்தவரின் நூல்கள் 2025 ஜனவரி 1 முதல் பொதுச்சொத்து. அதற்கு முன்பே அரசு நாட்டுடைமை ஆக்கிய நூல்களும் நிறைய உண்டு. ஒன்றை மட்டும் மறக்க வேண்டாம்: பாரதியின் பாடல் பொது, அதற்கு இன்று ஒருவர் எழுதிய உரை அவருடையது.

எங்கே தேடுவது? தமிழ் இணையக் கல்விக்கழகத்தின் மின்னூலகத்தில் தொடங்குங்கள். 1998இலிருந்து தன்னார்வலர்கள் தட்டச்சு செய்துவரும் 'மதுரைத் திட்டம்' இணையத்தளத்தில் சங்க இலக்கியம் முழுவதும் கிடைக்கும். ஈழத்து நூல்களுக்கும் பழைய இதழ்களுக்கும் 2005இல் தொடங்கிய 'நூலகம்' என்ற பெயருள்ள இணையத்தளம் இருக்கிறது. இன்றைய எழுத்தாளர்கள் தாங்களே பகிர அனுமதித்த நூல்கள் ஃப்ரீதமிழ்ஈபுக்ஸ் தளத்தில் உள்ளன. இன்டர்நெட் ஆர்க்கைவில் மட்டும் கொஞ்சம் கவனம் தேவை. அங்கே யார் வேண்டுமானாலும் ஏற்றலாம் என்பதால், ஒரு நூல் அங்கே இருப்பதே உரிமையாளர் அனுமதி தந்ததற்குச் சான்றாகாது.

மறுநாள் அந்தத் தம்பி தன் வாட்ஸ்அப் குழுவில் பழைய லிங்க்கை அழித்துவிட்டு, அரசின் பாடநூல் தள முகவரியைப் போட்டிருந்தார். அந்த இரண்டு வழிகாட்டி நூல்களையும் நூலகத்துக்கு வாங்கும்படி எங்கள் பரிந்துரைப் பதிவேட்டில் எழுதியிருந்தார். அடுத்த கொள்முதல் பட்டியலில் சேர்த்திருக்கிறேன்.