சொல் மாற்றிய விமர்சனம்: எங்கே உடைகிறது, எப்படிப் பிடிபடுகிறது

ஒருவர் எழுதிய திரை விமர்சனத்தை எடுத்து, வாக்கிய அமைப்பை அப்படியே வைத்துக்கொண்டு, சொல்லுக்குச் சொல் மாற்றுச்சொல் போட்டுத் தன் பெயரில் வெளியிடுவது சர்வசாதாரணமாகிவிட்டது. கேட்டால், "காப்பி இல்லை, ரீரைட்" என்பார்கள். எந்தக் காட்சியை எடுத்துப் பேசுவது, எதற்குப் பின் எதைச் சொல்வது, எந்த இடத்தில் குறை வைப்பது என்ற தேர்வில்தான் விமர்சகரின் உழைப்பு முழுவதும் இருக்கிறது. ரீரைட் செய்பவர் அதைத் தொடுவதே இல்லை. தொடுவது சொற்களை மட்டும், அங்கேதான் சொதப்புகிறார்.

ஒரு மாதிரியைப் பார்க்கலாம். மூலம்:

"முதல் பாதி நிதானமாக நகர்கிறது. ஒரே வீட்டில் பேசிக்கொள்ளாமல் இருக்கும் அண்ணன் தம்பியின் நாட்களை நாமும் உட்கார்ந்து கடக்க வேண்டும். இடைவேளைக்குப் பிறகு திரைக்கதை அந்தப் பொறுமையைக் கைவிட்டுவிடுகிறது."

சொல் மாற்றியபின்:

"ஆரம்பப் பகுதி மந்தமாகப் பயணிக்கிறது. ஒரே இல்லத்தில் உரையாடாமல் இருக்கும் மூத்தவன் இளையவனின் தினங்களை நாமும் அமர்ந்து தாண்ட வேண்டும். இடைவேளைக்குப் பின் திரைக்கதை அந்தச் சகிப்புத்தன்மையைத் துறந்துவிடுகிறது."

'நிதானம்' பாராட்டு, 'மந்தம்' குறை. ஒரே சொல்லில் தீர்ப்பு தலைகீழாகிவிட்டது. 'முதல் பாதி' என்றால் இடைவேளை வரை என்று எல்லோருக்கும் தெரியும். 'ஆரம்பப் பகுதி' பத்து நிமிடமாகவும் இருக்கலாம். 'பேசிக்கொள்ளாமல்' என்பதில் இருந்த மனஸ்தாபம் 'உரையாடாமல்' ஆனதும் காணாமல் போகிறது. திரைக்கதைக்குப் பொறுமை இருக்கலாம். சகிப்புத்தன்மை எப்படி இருக்கும்?

சொல் மாற்றும் கருவியை நம்பி விட்டால் நிலைமை இன்னும் மோசம். 'நாயகன் தூள் கிளப்புகிறார்' என்பது 'பொடி எழுப்புகிறார்' ஆகும். 'பின்னணி இசை கை கொடுக்கிறது' என்பது 'கரம் வழங்குகிறது' ஆகும். கதிர் என்ற பாத்திரம் கிரணமாகிவிடும். ஆங்கிலத்துக்குப் போய்த் தமிழுக்குத் திரும்பும் குறுக்குவழியில் அவன், அவர் இரண்டும் ஒரே பத்தியில் ஒரே ஆளுக்கு வரும். ஆய்வுலகமும் இதற்குத் தப்பவில்லை. ஆங்கிலக் கட்டுரைகளில் 'செயற்கை நுண்ணறிவு' என்பது 'கள்ள உணர்வுநிலை' என்ற பொருள்படும் தொடராக மாறிக் கிடந்ததை 2021-இல் கபனாக், லபே, மகசினோவ் என்ற ஆய்வாளர்கள் மூவரும் வெளிக்கொண்டுவந்தார்கள்.

பிடிபடாது என்ற நம்பிக்கைக்கு ஒரு காரணம் உண்டு. எளிய ஒப்பீட்டு மென்பொருள், அடுத்தடுத்து வரும் சில சொற்களைக் கொத்தாக எடுத்து அச்சாகப் பொருத்திப் பார்க்கும். மூன்று நான்கு சொல்லுக்கு ஒன்றை மாற்றினால் கொத்து அறுந்துவிடும். தமிழில் வேற்றுமை உருபு சொல்லோடு ஒட்டிக்கொள்வதால் இன்னும் சீக்கிரம் அறும். சொற்களை விட்டு, வாக்கியத்தின் பொருளை எண்வரிசையாக்கி ஒப்பிடும் இப்போதைய கருவிகளிடம் இந்த வித்தை அவ்வளவாகப் பலிக்காது. 2024 மார்ச்சில் திருத்தப்பட்ட கூகுளின் ஸ்பேம் கொள்கையும், பிறர் எழுத்தைத் தானியங்கியாக மாற்றுச்சொல் போட்டோ மொழிபெயர்த்தோ பயனற்ற பக்கங்களாகக் குவிப்பதை விதிமீறல் என்றே சொல்கிறது.

கருவி இல்லாமலும் கண்டுபிடிக்கலாம். இரண்டு விமர்சனங்களிலும் ஒவ்வொரு வாக்கியமும் என்ன சொல்கிறது என்று ஓரிரு சொல்லில் ஓரத்தில் எழுதுங்கள்: வேகம், அண்ணன்-தம்பி, இடைவேளை, இசை, கிளைமாக்ஸ். பிறகு ஓரக்குறிப்புகளை மட்டும் அடுத்தடுத்து வைத்துப் படியுங்கள். நடிப்பு, இசை, ஒளிப்பதிவு என்று வருவது பலரும் பின்பற்றும் வரிசை. அதைச் சாட்சியாக எடுக்க வேண்டாம். அத்தனை காட்சிகள் உள்ள படத்தில் இருவரும் அதே மூன்றை, அதே வரிசையில், அதே காரணத்துக்காகத் தேர்ந்திருந்தால் சந்தேகப்படலாம். மூலத்தில் இருந்த தகவல் பிழை இங்கேயும் இருந்தால் மேற்கொண்டு தேடவே வேண்டாம்.

படத்தின் நீளம், நடிகர் பட்டியல், கதைச் சுருக்கத்துக்கான தகவல்கள் யாருக்கும் சொந்தமில்லை. தாராளமாக எடுக்கலாம், வாக்கியம் மட்டும் உங்களுடையதாக இருக்கட்டும். இன்னொருவரின் கருத்து வேண்டுமென்றால் ஓரிரு வரியை மேற்கோளிட்டு, பெயரும் வெளியான இடமும் சொல்லுங்கள். பதிப்புரிமைக்கான பன்னாட்டு ஒப்பந்தமான பெர்ன் உடன்படிக்கையின் 10-வது பிரிவு நியாயமான அளவு மேற்கோளை அனுமதிக்கிறது. மூலத்தையும் பெயரையும் சொல்லவும் கேட்கிறது. தழுவும் உரிமையை மூல ஆசிரியருக்கே தருவது 12-வது பிரிவு. சொல் மாறியதாலேயே அந்த உரிமை கைமாறிவிடாது.

எழுத உட்காரும்போது பிறர் விமர்சனம் திரையில் திறந்திருக்கக் கூடாது. பார்த்த கையோடு, படத்தைப் பற்றிய உங்கள் ஒரே தீர்ப்பை ஒரு வரியில் எழுதி, அதைத் தாங்கும் இரண்டு காட்சிகளைக் குறித்துக்கொண்டால் வரிசை தானே அமைந்துவிடும். ஆசிரியர் நாற்காலியில் இருப்பவருக்கு: சந்தேகம் வந்தால், கட்டுரையில் இடம்பெறாத ஒரு காட்சியைப் பற்றி எழுதியவரிடம் கேளுங்கள். படம் பார்த்தவர் உடனே ஏதாவது சொல்வார், தவறாகவாவது.