ரீஇன்ஸ்டால்: தமிழ்ல என்ன, அதுல சேவ் ஏன் போகாது, எப்ப போகும்

கேம் ஆடிட்டு இருக்கும்போதே மூடிக்கிது, இல்ல லோடிங்லயே நின்னுடுதுன்னு யார்கிட்ட சொன்னாலும் மொத வர்ற பதில் "அன்இன்ஸ்டால் பண்ணிட்டு ரீஇன்ஸ்டால் பண்ணிப் பாரு"தான். ஒடனே கேக்குறவங்க எல்லாரும் திருப்பிக் கேக்குறதும் ஒண்ணேதான், "அப்ப என் சேவ் எல்லாம் போயிடுமா, காசு குடுத்து வாங்கின பேக்க மறுபடி வாங்கணுமா?" சேவ்னா ஆடின வரைக்கும் கேம் எழுதி வெக்கிற ஃபைல், பேக்னா கேமுக்கு மேல தனியா விக்கிற கூடுதல் பகுதி. இதுக்கு சிம்ஸ் 4ங்கிற, சிம்னு சொல்ற மனுஷங்கள வெச்சு வீடு கட்டி குடும்பம் நடத்துற கேமையே எடுத்துக்குறேன், 2014ல வந்தது, 2022 அக்டோபர்ல இருந்து அடிப்படை கேம் இலவசம், சேவு, பேக்கு, மோடு (ஆடுறவங்களே செஞ்சு சேத்துக்குற கூடுதல் சங்கதி) மூணும் கொட்டிக் கிடக்குற கேம் அது, ஒரே குடும்பத்த வெச்சு வருஷக்கணக்கா தலைமுறை தலைமுறையா ஆடுறவங்க இருக்காங்க, அவங்களுக்கு சேவ் போச்சுன்னா வீடே போன மாதிரி.

சொல்லுல இருந்து ஆரம்பிக்கலாம். இன்ஸ்டாலுக்கும் கம்ப்யூட்டருக்கும் ஆதில எந்த சம்பந்தமும் கெடையாது. நடுக்கால லத்தீன்ல இன்ஸ்டல்லாரேன்னு ஒரு சொல் இருந்துச்சு, சர்ச்சுல ஒருத்தருக்குப் பதவி குடுக்கும்போது அவருக்குன்னு இருக்குற இருக்கைல அவர உக்கார வெக்கிறதுதான் அதுக்கு அர்த்தம். அந்த இருக்கைக்குப் பேரு ஸ்டால், அது ஜெர்மானிய மொழிகள்ல இருந்து லத்தீனுக்குப் போன சொல்லு, நிக்கிற எடம், தொழுவம்னு எல்லாம் பொருள் உண்டு. நம்ம டீ ஸ்டால்ல இருக்குற ஸ்டாலும் இதே குடும்பம்தான். பிற்பாடு மெஷின் மாட்டுறதுக்கும் இந்தச் சொல்லையே சொன்னாங்க, அப்புறம் சாஃப்ட்வேருக்கும் ஒட்டிக்கிச்சு.

தமிழ்ல இதுக்கு "நிறுவு"ன்னு எடுத்தது அருமையான தேர்வு. நில்லுன்னா தானா நிக்கிறது, நிறுன்னா நிக்க வெக்கிறது, அதுல இருந்து நிறுவு. நிறுவனம், நிறுவனர், சிலை நிறுவினார்கள், கணக்குப் புத்தகத்துல "என நிறுவுக"ன்னு போட்டு உயிர வாங்குவாங்களே அது வரைக்கும் எல்லாம் இந்த ஒரே வேர்தான். அவங்க உக்கார வெக்கிறாங்க, நாம நிக்க வெக்கிறோம், அவ்ளோதான் வித்தியாசம். ஃபோன தமிழ்ல வெச்சிருக்கவங்க பிளே ஸ்டோர்ல தெனமும் பாக்குறதுதான், "நிறுவு", "நிறுவல் நீக்கு".

ரீ-க்குத்தான் ரெண்டு கட்சி. தமிழ்நாட்டுல நமக்கு "மறு"தான் கைக்கு வரும், மறுபதிப்பு, மறுதேர்தல், மறுகூட்டல், அதனால மறுநிறுவல். இலங்கைல "மீள்" அதிகம், மீள்குடியேற்றம், மீள்பரிசீலனை, அங்க மீள்நிறுவல்னு எழுதினா யாருக்கும் உறுத்தாது. எனக்குக் கேட்டா ரெண்டையும் வெச்சிக்கலாம்னுதான் சொல்லுவேன், ஆனா வேற வேற வேலைக்கு. மறுபடி செய்யிறதுக்கு மறு, போனது திரும்பி வர்றதுக்கு மீள். கேம மறுநிறுவல் பண்றோம், அதுக்கப்புறம் சேவ மீட்டமைக்கிறோம்.

இப்ப "நிறுவல் நீக்கு"ங்கிறத கொஞ்சம் உத்துப் பாருங்க, அதுல அழின்னு இல்ல. நிறுவினத நீக்குதுன்னுதான் இருக்கு, அதாவது இன்ஸ்டாலர் கொண்டுவந்து வெச்சத அதுவே எடுத்துட்டுப் போகுது. நீங்க ஆடி ஆடி உருவாக்கினது இன்ஸ்டாலர் கொண்டு வந்ததில்ல. சிம்ஸ் 4ல கேம் ஃபைலெல்லாம் புரோகிராம் ஃபைல்ஸ்லயோ ஸ்டீம்னு கேம் விக்கிற கடை ஆப்போட ஃபோல்டர்லயோ இருக்கும், பல ஜிபி போகும், ஆனா உங்களோடது இருக்குறது டாக்குமெண்ட்ஸ் உள்ள எலக்ட்ரானிக் ஆர்ட்ஸ்னு ஒரு ஃபோல்டர், அதுக்குள்ள தி சிம்ஸ் 4. அன்இன்ஸ்டால் பண்ணா வழக்கமா அது அப்படியே கெடக்கும்.

இது நல்ல செய்தி மாதிரி இருக்கும், ஆனா இதுலயே ஒரு கண்ணி இருக்கு. பாதி நேரம் கேம் கெட்டுப்போறதுக்குக் காரணமே அந்த ஃபோல்டருக்குள்ளதான் இருக்கும், ஏதோ ஒரு பழைய மோட் புது அப்டேட்டோட ஒத்துப்போகாம மொரண்டு பண்ணும், இவங்க ராத்திரி முழுக்க கேம மறுபடி டவுன்லோட் பண்ணி ஏத்துவாங்க, ஃபோல்டர் தொடப்படாம அங்கயே இருக்கும், அதே மோட், அதே பிரச்சினை. ரீஇன்ஸ்டால் பண்ணியும் சரியாகலைன்னு பொலம்புறவங்கள்ல நெறைய பேரு கதை இதுதான். அதனால டவுன்லோட் பண்ணி நெட் டேட்டாவ காலி பண்றதுக்கு முன்னாடி அந்த தி சிம்ஸ் 4 ஃபோல்டர டெஸ்க்டாப்புக்கு நகர்த்திட்டு கேம ஒரு தடவ தெறந்து பாருங்க. கேம் தானா ஒரு புது ஃபோல்டர உருவாக்கிக்கும், அதுல ஒழுங்கா ஓடுச்சுன்னா கோளாறு உங்க ஃபோல்டர்ல, மறுநிறுவல் தேவையே இல்ல. அப்பவும் ஓடலைன்னா எலக்ட்ரானிக் ஆர்ட்ஸோட ஈஏ ஆப்ல ரிப்பேர்னு ஒரு வசதி இருக்கு, ஸ்டீம்ல ஃபைல்கள சரிபார்க்கிற வசதி இருக்கு, கெட்டுப்போன ஃபைல மட்டும் எறக்கிக் குடுக்கும். அதுலயும் சரியாகலைன்னாதான் முழுசா எடுத்துட்டுப் போடுறது.

அடுத்த சொல் சேவ். இதுவும் மதத்துல இருந்து வந்ததுதான், லத்தீன்ல சல்வஸ்னா பத்திரமா இருக்குறது, சல்வாரேன்னா காப்பாத்துறது, பிரெஞ்சு வழியா இங்கிலீஷுக்கு வந்துச்சு. இங்கிலீஷ்ல சேவியர்னா (savior, ஆள் பேர் இல்ல) பழைய தமிழ் பைபிள்ல இரட்சகர், கத்தோலிக்கர் பக்கம் மீட்பர். அங்க இருந்து காச மிச்சம் புடிக்கிறதுக்கும் சேவ்னாங்க, பிறகு கம்ப்யூட்டர்ல எழுதி வெக்கிறதுக்கும். கேம்ல சேவ் ஒண்ணும் ஆரம்பத்துல இருந்தே எல்லாத்துலயும் இருந்துடல. 1980ல விக்க ஆரம்பிச்ச சோர்க் மாதிரி எழுத்து மட்டும் வர்ற கேம்ல சேவ்னு டைப் பண்ணா சேமிக்கும், ரீஸ்டோர்னு டைப் பண்ணா விட்ட எடத்துக்குத் திரும்பும், ஆனா டிவில மாட்டி ஆடுற கேம்ல ரொம்ப நாள் அது கெடையாது, நீளமா ஒரு பாஸ்வேர்டு குடுப்பாங்க, பேப்பர்ல எழுதி வெச்சிக்கணும். 1987ல அமெரிக்காவுல வந்த செல்டாங்கிற கேமோட கார்ட்ரிட்ஜுக்குள்ள சின்னதா ஒரு பேட்டரி வெச்சு சேவ தாங்க வெச்சாங்க, பேட்டரி தீந்தா சேவும் தீந்துச்சு.

தமிழ்ல சேமி. இது நம்ம சொந்தச் சொல்லுன்னு நெனச்சிட்டு இருக்கவங்க கொஞ்சம் ஒக்காந்துக்கங்க, இது சேமத்துல இருந்து வந்தது, சேமம் சமஸ்கிருத க்ஷேமம், அதாவது நலம், பத்திரம். ஆச்சரியம் என்னன்னா சல்வஸுக்கும் க்ஷேமத்துக்கும் ஒரே அர்த்தம். இலங்கைல ஊழியர் சேமலாப நிதின்னு சொல்றாங்களே, அந்தச் சேமமும் இதுதான், யாழ்ப்பாணத்துல கிறிஸ்தவக் கல்லறைத் தோட்டத்த சேமக்காலைன்னு சொல்றாங்களே அதுலயும் இந்தச் சொல்லுதான் இருக்கு. தனித்தமிழ்லதான் வேணும்னு நிக்கிறவங்களுக்கு "வைப்பு" இருக்கு, குறள் 226ல "பொருள்வைப் புழி"ன்னு வருது, பொருள சேத்து வெக்கிற எடம், சேவ் ஃபோல்டருக்கு இதவிடப் பொருத்தமா ஒண்ணு கெடைக்காது. ஆனா வைப்புழிய காப்பி பண்ணுன்னு சொன்னா யாருக்குப் புரியும், சேமிப்பு போதும்.

சரி, ஃபோல்டருக்குள்ள போவோம். சேவ்ஸ்னு ஒண்ணு, உங்க ஆட்டம் அதுல. ட்ரேன்னு ஒண்ணு, இதத்தான் பலபேர் கோட்டை விடுறாங்க, நீங்க லைப்ரரில போட்டு வெச்ச வீடு, குடும்பம், அறை எல்லாம் இதுலதான், சேவ்ஸ மட்டும் காப்பி எடுத்தா ஆட்டம் வரும், லைப்ரரி வராது. ஸ்கிரீன்ஷாட்ஸ் பேரப் பாத்தாலே தெரியும். அப்புறம் மோட்ஸ்.

ஆட்-ஆன்ங்கிற சொல்லுல கொழப்பம் ஆரம்பிக்கிறதே இங்கதான், ஏன்னா ரெண்டு வேற வேற சங்கதிய ஒரே பேர்ல கூப்பிடுறாங்க. ஒண்ணு காசு குடுத்து வாங்குற பேக், 2015ல வந்த கெட் டு வொர்க், 2018ல வந்த சீசன்ஸ் மாதிரி. இதுக்கு விரிவாக்கத் தொகுப்புன்னு சொல்லலாம், டிஎல்சின்னு பொதுவா சொன்னா தரவிறக்க உள்ளடக்கம். இது உங்க கம்ப்யூட்டர்ல இருக்குற பொருள் இல்ல, உங்க அக்கவுண்ட்ல இருக்குற உரிமை. அன்இன்ஸ்டால் பண்ணா ஃபைல் போகும், உரிமை போகாது, அதே அக்கவுண்ட்ல நுழைஞ்சு மறுபடி எறக்கிக்க வேண்டியதுதான், பைசா கேக்காது. வாங்கினது எந்த அக்கவுண்ட், எந்த மெயில்ங்கிறது மட்டும் தெரிஞ்சிருக்கணும், வேற ஒண்ணுல நுழைஞ்சுட்டு பேக்க காணோம்னு தேடிட்டு இருக்குறவங்க ஏராளம்.

இன்னொண்ணு வேற ஆடுறவங்க செஞ்சு குடுக்குற மோட். மாடிஃபிகேஷன சுருக்கினதுதான் மோட். ஆட்-ஆனுக்கு தமிழ்ல "துணைநிரல்"னு ஒரு சொல் ரொம்ப நாளா பொழங்குது, பிரவுசருக்கு அது சரியா இருக்கும், இங்க பாதிதான் பொருந்துது. டிஎஸ்4ஸ்கிரிப்ட்னு முடியிற ஃபைல் நெஜமாவே நிரல், அதாவது புரோகிராம், உள்ள பைத்தான்ங்கிற கம்ப்யூட்டர் மொழில எழுதினது. பேக்கேஜ்னு முடியிற ஃபைல்ல நெறைய வெறும் தலைமுடி, சோபா, ஜன்னல் திரை, அத எப்படி நிரல்னு சொல்றது, கூடுதல் உள்ளடக்கம்னு சொல்றதுதான் சரி. இந்த வித்தியாசம் வேலையிலயும் தெரியும், ஸ்கிரிப்ட் ஃபைல மோட்ஸுக்குள்ள ஒரே ஒரு ஃபோல்டர் ஆழத்துக்கு மேல வெச்சா கேம் கண்டுக்காது, பேக்கேஜ் ஃபைல அதவிட ஆழமா வெக்கலாம். ஃபோல்டருக்குள்ள ஃபோல்டரா அழகா அடுக்கி வெச்சவங்களுக்கு மோட் வேலை செய்யாம போறதுக்கு இதுதான் காரணம்.

திருப்பி வெக்கிற வரிசை முக்கியம். டெஸ்க்டாப்புக்கோ பென்டிரைவுக்கோ மொத்த தி சிம்ஸ் 4 ஃபோல்டரையும் காப்பி எடுத்துட்டு கேம நீக்கி, மறுபடி நிறுவி, எல்லா பேக்கும் எறங்கி முடிஞ்சதும் ஒரு தடவ தெறந்து மூடுங்க. புது ஃபோல்டர் வந்திருக்கும். அதுக்குள்ள ட்ரேயையும் மோட்ஸையும் மொதல்ல வெச்சிட்டு கடைசியா சேவ்ஸ வைங்க. லோக்கல்தம்ப்கேஷ்னு ஒரு ஃபைல் இருக்கும், கேஷ்னா கேம் தற்காலிகமா எழுதி வெச்சிக்கிறது, அந்தப் பேர் வர்ற எதையும் பழசுல இருந்து கொண்டு வராதீங்க, கேம் புதுசா செஞ்சிக்கும். மோட்ஸ் வெச்சும் ஒண்ணும் தெரியலைன்னா பயப்பட வேணாம், புதுசா ஏத்தினாலும் அப்டேட் வந்தாலும் கேம் மோட அணைச்சு வெச்சிடும், செட்டிங்ஸ்ல போயி மோட், ஸ்கிரிப்ட் மோட் ரெண்டு டிக்கையும் போட்டு கேம மூடித் தெறக்கணும்.

ஏன் சேவ் கடைசின்னா, பேக்கோ மோடோ இல்லாத நேரத்துல சேவ தெறந்தா அதுல இருந்து வந்த கட்டில், அலமாரி, சிம்மோட முடி எல்லாம் காணாம போயிருக்கும், அப்படியே பதறிப்போய் அதுமேலயே சேவ் பண்ணிட்டா அந்த ஓட்டை வீடுதான் இனிமே உங்க வீடு. தெரியாம தெறந்துட்டீங்கன்னா சேவ் பண்ணாம வெளிய வந்துடுங்க.

இந்த "டாக்குமெண்ட்ஸ்ல பத்திரமா இருக்கும்" எல்லா கேமுக்கும் பொருந்தாது, இத நம்பி பழைய கேம்ல கை வெச்சிடாதீங்க. ஜிடிஏ வைஸ் சிட்டி கேம் நல்லவன், டாக்குமெண்ட்ஸ்ல யூசர் ஃபைல்ஸ்னு தனியா வெச்சிருப்பான். ஆனா 1999ல வந்த ஏஜ் ஆஃப் எம்பயர்ஸ் 2 கேம் இருக்குற ஃபோல்டருக்குள்ளயே சேவ்கேம்னு வெச்சிக்கும், ஃபோல்டரோட அழிச்சா கதை முடிஞ்சுது. விண்டோஸ் விஸ்டாவுல இருந்து புரோகிராம் ஃபைல்ஸ்ல கண்ட கேமும் எழுதக் கூடாதுன்னு கட்டுப்பாடு வந்ததால, அந்த மாதிரி பழைய கேம் எழுதுறத விண்டோஸ் கமுக்கமா உங்க யூசர் ஃபோல்டருக்குள்ள இருக்குற ஆப்டேட்டாவுல விர்ச்சுவல்ஸ்டோர்னு ஒரு ஃபோல்டருக்குத் திருப்பி விடும், கேம் ஃபோல்டர்ல சேவ் இல்லையேன்னு தேடுறவங்க அங்க பாருங்க. மைன்கிராஃப்ட் ஜாவா, ஸ்டார்டூ வேலி ரெண்டும் ஆப்டேட்டா பக்கம்தான், அந்த ஃபோல்டர் வழக்கமா மறைஞ்சிருக்கும். சேவ இணையத்துல ஏத்தி வெக்கிற கிளவுட் சேவும் எல்லா கேமுக்கும் இருக்குறதில்ல, இருக்கான்னு பாத்துட்டு நம்புங்க.

பேக்கப்புக்கு கூகுள்காரங்க "காப்புப் பிரதி"ன்னு போடுறாங்க, பிரதி வடசொல்லுன்னு "காப்புப்படி"ன்னு எழுதுறவங்களும் உண்டு, எதுவானாலும் எடுத்து வைங்க. சேவ்ஸ் ஃபோல்டர்ல ஸ்லாட்னு ஆரம்பிச்சு எண்ணோட சேவ்னு முடியிற ஃபைலுக்குப் பக்கத்துலயே வெர்0, வெர்1ன்னு வால் வெச்ச ஃபைல் நாலஞ்சு கெடக்கும், குப்பைன்னு நெனச்சு விட்டுட்டு வராதீங்க, அது கேமே எடுத்து வெச்ச பழைய காப்புப் பிரதி. மெயின் ஃபைல் தெறக்கலைன்னா அத வேற எடத்துக்கு நகர்த்திட்டு, வெர்0 ஃபைலோட கடைசில இருக்குற அந்த வெர்0வ மட்டும் அழிச்சு பேர் மாத்துனா போதும், கொஞ்சம் முன்னாடி சேவ் பண்ண எடத்துல இருந்து ஆட்டம் தெறக்கும்.