இது எந்த வருஷத்து மண்சரிவு?

ஜூன் பிறந்துவிட்டால் நீலகிரி மண்சரிவுக் காட்சிகள் டிவியில் ஓடத் தொடங்கிவிடும். அவற்றில் பல அன்றைக்கு எடுத்தவை அல்ல. எடிட்டிங்கும், ஆவணப்படங்களுக்குப் பழைய காட்சிகள் தேடித் தருவதும் என் தொழில். அதனால் இதைச் சொல்லியே ஆக வேண்டும்.

எங்கள் மலைக்கு இரண்டு மழை. தென்மேற்கு மழை கூடலூர், பந்தலூர், அவலாஞ்சி பக்கம் அடிக்கும். வடகிழக்கு மழை குன்னூர், கோத்தகிரி பக்கம். 2009 நவம்பரில் கேத்தி, குன்னூர் வட்டாரத்தில் நிலம் சரிந்து பல உயிர்கள் போயின. 2019 ஆகஸ்டில் அவலாஞ்சியில் ஒரே நாளில் 80 செ.மீ.க்கு மேல் கொட்டித் தீர்த்தது. கூடலூரில் மழை என்ற ஆகஸ்ட் செய்திக்கு, என்றோ ஒரு நவம்பரில் குன்னூர் மலைப்பாதையில் பாறை விழுந்த காட்சியை ஓட்டினால் என்ன ஆகும்? லாட்ஜில் போட்ட ரூம்கள் ரத்தாகும். திருப்பூரில் வேலை பார்க்கும் பிள்ளைகள் பதறிப்போய் வீட்டுக்குப் போன் போடுவார்கள். நாளைக்கு நிஜமாகவே பாறை விழும்போது, “இதெல்லாம் பழைய வீடியோ” என்று வண்டியை எடுப்பவர்களை நினைத்தால்தான் எனக்கு அதிக பயம்.

‘கோப்புக் காட்சி’ என்று மூலையில் இரண்டு விநாடி காட்டிவிட்டு எடுப்பது போதாது. இடமும் வருஷமும் காட்சி முடியும்வரை திரையில் இருக்க வேண்டும். அப்போதுதான் யாராவது துண்டாக வெட்டி வாட்ஸ்அப்பில் அனுப்பினாலும் அது கூடவே போகும்.

சந்தேகமான காட்சி வந்தால் முதலில் பஸ் சக்கரத்தைப் பார்ப்பேன். பழைய டிவி அளவான 4:3 வீடியோவை இன்றைய அகலமான 16:9 திரைக்கு இழுத்திருந்தால் சக்கரம் நீள்வட்டமாகத் தெரியும், முகங்கள் அகன்றிருக்கும். ஓடும் பஸ்ஸின் விளிம்பு சீப்புப் பல் மாதிரி கிழிந்திருந்தால் அது பெரும்பாலும் கேசட் காலத்துக் கேமரா. அடுத்து கடைப் பலகை: அதில் செல்போன் எண் இருக்கிறதா, லேண்ட்லைன் மட்டுமா?

காட்சியைத் தந்தவர் பெயரைப் போட்டு ‘நன்றி’ என்று திரையில் காட்டிவிட்டால் அனுமதி வாங்கியதாகாது. இந்தியச் சட்டப்படி ஒரு படத்தின் காப்புரிமை, அது வெளியானதற்கு அடுத்த ஆண்டிலிருந்து 60 வருஷம். உரிமை கையில் இருந்தாலும் சில ஷாட்டுகளை நான் தொடமாட்டேன். இடிந்த வீட்டுக்கு முன்னால் குடத்தோடு நின்று அழும் அம்மா இன்று வேறு வீட்டில் வாழ்ந்துகொண்டிருப்பார். அவர் பிள்ளைகள் ஒவ்வொரு மழைக்கும் அதை டிவியில் பார்க்க வேண்டுமா?

உள்ளூர் ஸ்டுடியோக்காரர்களுக்கு ஒரு வேண்டுகோள். உங்கள் பரணில் இருக்கும் கேசட்டுகளில் இந்த மலையின் மழைகள் இருக்கின்றன. ஊட்டி ஈரத்தில் அவற்றில் பூஞ்சை பிடிக்கும். அதைச் சுத்தம் செய்யாமல் பிளேயரில் போட்டால், டேப்பைப் படிக்கும் ஹெட் கெட்டுவிடும், பூஞ்சை அடுத்த கேசட்டுக்கும் ஒட்டிக்கொள்ளும். ஓடும் பிளேயர் கிடைக்கும்போதே டிஜிட்டலாக மாற்றிவிடுங்கள். எடுத்த கேமராமேனைப் பக்கத்தில் உட்காரவைத்து, எந்த ஊர், எந்த மாதம், எந்த வருஷம் என்று கேட்டு எழுதிவையுங்கள்.