கணீர்க் குரலும் சுத்தமான எக்ஸ்ரேயும்

"எக்ஸ்ரே க்ளியர் டாக்டர். 25 வருஷமா ஊதுறேன், ஒரு இருமல்கூடக் கிடையாது." இந்த வாரமும் இதைக் கேட்டாயிற்று. நெஞ்சக மருத்துவர்கள் எல்லோரும் கேட்டுச் சலித்த வசனம்தான். சொல்கிறவர் முகத்தில் பரீட்சையில் பாஸான களை வேறு.

இவர்களுக்கெல்லாம் அமெரிக்க டிவி தொகுப்பாளர் மார்ட்டன் டவுனி ஜூனியரைத்தான் நினைவுபடுத்த வேண்டியிருக்கிறது. 1932-ல் லாஸ் ஏஞ்சலிஸில் பிறந்தவர், பிரபல பாடகரின் மகன். கருக்கலைப்பு எதிர்ப்பாளராக அரசியலில் இறங்கி, 1980-ல் ஜனநாயகக் கட்சியின் அதிபர் வேட்பாளர் ஆக முயன்று தோற்றார். 1987-ல் நியூ ஜெர்சியின் செகாகஸ் ஊரில் தொடங்கிய அவருடைய டாக் ஷோ, அடுத்த ஆண்டே அமெரிக்கா முழுக்கப் பரவியது. விருந்தினர்களைப் பார்த்துக் கத்துவார், முகத்துக்கு நேரே புகையை ஊதுவார். சிகரெட் அவருடைய அடையாளமாகவே ஆகிப்போனது. அமெரிக்கத் தொலைக்காட்சியில் சிகரெட் விளம்பரம் 1971 ஜனவரியிலேயே தடை செய்யப்பட்டுவிட்டது. அந்தத் தடை விளம்பரத்துக்கு மட்டும்தான். தொகுப்பாளரின் விரல் இடுக்கு அதில் சேராது. 1989-ல் நிகழ்ச்சி நின்றது. 1996-ல் நுரையீரல் புற்றுநோய் என்று தெரிந்து, ஒரு பக்க நுரையீரலையே எடுத்தார்கள். புகைப்பவர்களின் உரிமை பேசிய நேஷனல் ஸ்மோக்கர்ஸ் அலையன்ஸில் உறுப்பினராக இருந்த அதே மனிதர், அதன்பின் புகைக்கு எதிராகப் பேச வந்தார். 2001 மார்ச் 12-ல் இறந்தபோது வயது 68.

அரங்கம் அதிரக் கத்திய மனிதர் அவர். குரல் கணீரென்று இருப்பது நுரையீரலுக்கு யாரும் தரும் நற்சான்று இல்லை. நுரையீரல் திசுவுக்கு வலி தெரியாது. கட்டி நெஞ்சு உறையையோ விலா எலும்பையோ தொட்டால்தான் வலிக்கும். ஒரே நுரையீரலை வைத்துக்கொண்டு பேசலாம், நடக்கலாம். ஆகவே "எனக்கு ஒண்ணும் பண்ணலையே" என்பதை வைத்து எதையும் முடிவு செய்ய முடியாது.

அந்த எக்ஸ்ரேக்கு வருகிறேன். முப்பரிமாண நெஞ்சை அது ஒரே தட்டையான நிழலாக்குகிறது. காறை எலும்பு, விலா எலும்புகள், இதயம், உதரவிதானம் (நெஞ்சையும் வயிற்றையும் பிரிக்கும் தசை) எல்லாம் ஒன்றின்மேல் ஒன்று விழுகின்றன. இதயத்துக்குப் பின்னால் இருக்கும் இடது கீழ் மடல், காறை எலும்புக்கு அடியில் இருக்கும் நுனி, உதரவிதானத்தின் சரிவுக்குப் பின்பகுதி: இந்த மூன்று இடத்திலும் ஒரு சென்டிமீட்டர் கட்டி சாவகாசமாக ஒளிந்துகொள்ளும். சிடி ஸ்கேன் சில மில்லிமீட்டர் புள்ளியையே காட்டிவிடும். இது ஊகம் இல்லை. அமெரிக்காவில் கடுமையாகப் புகைத்த 53,000-க்கும் மேற்பட்டவர்களை இரண்டாகப் பிரித்து, ஆண்டுக்கு ஒன்றாக மூன்று தடவை, ஒரு பாதிக்கு எக்ஸ்ரே, மறு பாதிக்குக் குறைந்த கதிர்வீச்சு சிடி எடுத்தார்கள். 2011-ல் வந்த முடிவு: சிடி பக்கம் நுரையீரல் புற்றுநோய் மரணம் 20 சதவீதம் குறைவு. அதே ஆண்டு வந்த இன்னொரு பெரிய ஆய்வில், ஆண்டுதோறும் எக்ஸ்ரே எடுத்தவர்களுக்கும் எடுக்காதவர்களுக்கும் மரணத்தில் வித்தியாசமே இல்லை. எக்ஸ்ரே க்ளியர் என்றால் எக்ஸ்ரே க்ளியர், அவ்வளவுதான். தயவுசெய்து அதைக் காட்டி அடுத்த பாக்கெட்டைப் பிரிக்காதீர்கள்.

சிடி யாருக்கு? 2021-ல் திருத்திய அமெரிக்கப் பரிந்துரைப்படி, வயது 50 முதல் 80 வரை, குறைந்தது 20 பாக்கெட்-ஆண்டு, இப்போதும் புகைப்பவர் அல்லது விட்டு 15 ஆண்டு தாண்டாதவர், ஆண்டுக்கு ஒரு முறை. கணக்கு எளிது: தினம் எத்தனை பாக்கெட் (20 சிகரெட்) என்பதை வருடங்களால் பெருக்குங்கள். அரை பாக்கெட், 40 வருடம் என்றாலும் 20-தான். "இப்ப அஞ்சுதான் டாக்டர்" என்று இன்றைய எண்ணிக்கையைச் சொல்லாதீர்கள். பழைய வருடங்களைப் பழைய கணக்கில் போடுங்கள். சிடியில் புள்ளி தெரிந்தவுடன் அலறவும் வேண்டாம். அந்த 53,000 பேர் ஆய்வில், சிடியில் சந்தேகத்துக்குரியது என்று வந்தவற்றில் 96 சதவீதம் புற்றுநோய் இல்லை.

இதெல்லாம் அறிகுறி இல்லாதவர்களுக்கு. சளியில் ரத்தம், மூன்று வாரம் தாண்டிய இருமல், காரணமில்லாத எடை குறைவு, ஒரே இடத்தில் திரும்பத் திரும்ப நிமோனியா என்றால் வயதும் பாக்கெட்டும் பார்க்காமல் உடனே மருத்துவரிடம் போங்கள். பேசிப் பிழைப்பவர்களுக்குத் தனியாக ஒன்று: இடது குரல்நாணுக்குப் போகும் நரம்பு நெஞ்சுக்குள் இறங்கி, இதயத்திலிருந்து கிளம்பும் பெரிய ரத்தக்குழாயான மகாதமனியைச் சுற்றிக்கொண்டு மேலே ஏறுகிறது. அங்கே கட்டி அழுத்தினால் குரல் கம்மும். "மைக்கில் கத்தியதால்" என்று மூன்று வாரத்துக்கு மேல் தள்ளாதீர்கள்.

விடுவதற்கு மனவுறுதி மட்டும் போதாது, மருந்து இருக்கிறது. தினம் 10-க்கு மேல் புகைப்பவருக்கு தோலில் ஒட்டும் 21 மில்லிகிராம் நிகோடின் பேட்ச் 6 வாரம், பிறகு 14, 7 என இரண்டிரண்டு வாரம். தினமும் இடத்தை மாற்றி ஒட்டுங்கள். கெட்ட கனவு வந்தால் படுக்கும்போது கழற்றுங்கள். எழுந்த அரை மணிக்குள் முதல் சிகரெட் தேடுபவருக்கு 4 மில்லிகிராம் நிகோடின் சூயிங்கம், மற்றவருக்கு 2. மிட்டாய் போல மெல்லக் கூடாது. சுருக்கென்று உறைத்ததும் கன்னத்தில் ஒதுக்கி வையுங்கள். உறைப்பு அடங்கினால் மறுபடி மெல்லுங்கள். 15 நிமிடம் முன்பிருந்தே காபி, சோடா வேண்டாம், வாயில் அமிலம் இருந்தால் நிகோடின் ஏறாது. மென்று விழுங்கிவிட்டு விக்கலும் நெஞ்செரிச்சலும் வந்ததும் "எனக்கு ஒத்துக்கலை" என்று நிறுத்துபவர்களே அதிகம். வாரெனிக்ளின் மாத்திரை மருத்துவர் சீட்டுடன்தான். விடும் நாளுக்கு ஒரு வாரம் முன்பே தொடங்கி 12 வாரம். வெறும் வயிற்றில் போட்டால் குமட்டும்.

"வந்தது வந்துடுச்சு, இனிமே விட்டு என்ன ஆகப் போகுது?" என்று கேட்பவர்களிடம் மட்டும் எனக்குக் கோபம் வருவதில்லை, கெஞ்சத்தான் தோன்றுகிறது. நோய் தெரிந்த பிறகு விட்டாலும் பலன் உண்டு. அறுவை சிகிச்சைக்குப் பின் சளி கட்டுவதும் நிமோனியாவும் குறையும், கதிர்வீச்சு நன்றாக வேலை செய்யும், இரண்டாவது புற்றுநோய்க்கான வாய்ப்பு இறங்கும். அறுவைக்கு நான்கு வாரம் முன்பே விட்டால் நல்லது. தேதி அதற்குள் வந்துவிட்டால் தேதியைத் தள்ளாதீர்கள், சிகரெட்டை இன்றே தள்ளுங்கள். கடைசியாக எப்போது புகைத்தீர்கள் என்று மயக்க மருத்துவர் கேட்டால் உண்மையைச் சொல்லுங்கள்.