ஊரில் "பஞ்சாயத்து" என்று சொன்னால், எந்தப் பஞ்சாயத்து என்று கேளுங்கள்

மலேசியாவின் சுங்கை சிப்புட்டில் எனக்குத் தெரிந்த பாதிக் குடும்பங்களுக்கு இன்னும் தமிழ்நாட்டில் ஓர் ஊர் இருக்கிறது. தாத்தா கப்பலேறி வந்தவர், பேரப்பிள்ளைகள் தோட்டத்து லயத்தை, அதாவது வரிசை வீட்டை விட்டு டவுனுக்குக் குடிவந்தே ரொம்ப நாளாகிவிட்டது, ஆனாலும் அங்கே கும்பாபிஷேகம் என்றால் வாட்ஸ்அப்பில் தகவல் வந்துவிடும், இங்கிருந்து வெள்ளி, அதாவது ரிங்கிட், போய்விடும். கண்மாய் தூர்வாரவும் கேட்கிறார்கள், சமுதாயக்கூடத்துக்கும் கேட்கிறார்கள். "பஞ்சாயத்துல பேசி முடிவு பண்ணிட்டாங்க மாமா, உங்க பங்கு இவ்வளவு" என்று ஒரு வரி, அவ்வளவுதான். நாமும் அனுப்பிவிடுகிறோம்.

ஆனால் ஊரில் பஞ்சாயத்து இரண்டு உண்டு. ஒன்று ஊர்ப் பெரியவர்கள் கூடுவது. நாட்டாமை, அம்பலம் என்று வட்டாரத்துக்கு ஒரு பெயர். பெரும்பாலும் ஒரே சாதி ஆண்கள், கோயிலில் முதல் மரியாதை வாங்குகிற குடும்பங்கள். இவர்களுக்குச் சட்டத்தில் எந்த அதிகாரமும் கிடையாது. அபராதம் போடவோ, யாரையும் ஊரை விட்டு ஒதுக்கிவைக்கவோ முடியாது. கட்டப்பஞ்சாயத்து முழுக்கச் சட்டவிரோதம் என்று உச்ச நீதிமன்றமே 2011-இல் ஆறுமுகம் சேர்வை வழக்கில் அழுத்திச் சொல்லியிருக்கிறது.

இன்னொன்றுதான் அரசு அங்கீகரித்த ஊராட்சி. இந்திய அரசியலமைப்பின் 73-ஆவது திருத்தம் 1993 ஏப்ரல் 24 அன்று நடைமுறைக்கு வந்தது, தமிழ்நாடு அதற்கேற்ப 1994-இல் ஊராட்சிகள் சட்டம் போட்டது, 1996-இல் முதல் தேர்தல் நடந்தது. மொத்தம் சுமார் 12,500 ஊராட்சிகள். தலைவரை மக்களே நேரடியாக ஓட்டுப் போட்டுத் தேர்ந்தெடுக்கிறார்கள், கட்சிச் சின்னம் கிடையாது. வார்டு உறுப்பினர்கள் தங்களுக்குள் ஒருவரைத் துணைத்தலைவர் ஆக்குகிறார்கள். வீட்டு வரி, குடிநீர், தெருவிளக்கு, சாக்கடை, ஊருக்குள் இருக்கும் சாலை எல்லாம் இவர்கள் பொறுப்பு. பட்டா, நில அளவை இவர்கள் கையில் இல்லை. அது வருவாய்த் துறை, கிராம நிர்வாக அலுவலரையும் வட்டாட்சியரையும் பார்க்க வேண்டும். இது தெரியாமல் வரப்புத் தகராறுக்கு ஊராட்சித் தலைவரிடம் நடக்கிறவர்கள் நிறைய.

இந்த ஏற்பாட்டில் உண்மையான பலம் எங்கே இருக்கிறது என்று கேட்டால் கிராம சபையில் என்பேன். ஊராட்சியில் வாக்காளர் பட்டியலில் பெயர் உள்ள ஒவ்வொருவரும் அதில் உறுப்பினர். ஜனவரி 26, மே 1, ஆகஸ்ட் 15, அக்டோபர் 2 ஆகிய நான்கு நாட்களில் கூடுவது பழைய வழக்கம், 2022-இல் மார்ச் 22, நவம்பர் 1 என்று இன்னும் இரண்டு நாட்களைச் சேர்த்தார்கள். கூட்டம் செல்லுபடியாக வேண்டுமானால் 500 பேர் வரை உள்ள ஊராட்சியில் 50 பேராவது வரவேண்டும், 3,000 வரை என்றால் 100, 10,000 வரை என்றால் 200, அதற்கும் மேலே 300. வரவு செலவை அங்கே வாசிக்க வேண்டும், என்ன வேலை எடுப்பது என்பதை அங்கே வைக்க வேண்டும், தீர்மானத்தைப் புத்தகத்தில் எழுத வேண்டும். பல ஊர்களில் நடப்பது வேறு. பள்ளிக்கூட வளாகத்தில் பந்தல் போட்டிருப்பார்கள், செயலர் தீர்மானங்களை மளமளவென்று வாசித்துக்கொண்டு போவார், பெண்கள் நோட்டில் கையெழுத்துப் போட்டுவிட்டுச் சமைக்கக் கிளம்பிவிடுவார்கள். எழுந்து ஒரு கேள்வி கேட்க ஆள் இருந்தால் அந்தக் கூட்டத்தின் போக்கே மாறிவிடும்.

நமக்கு இந்த அருமை புரிய வேண்டும். மலேசியாவில் 1965-இல் இந்தோனேசிய மோதல் காலத்தில் ஊராட்சித் தேர்தலை, அதாவது நகராண்மைக் கழகம் போன்றவற்றுக்கான தேர்தலை நிறுத்தினார்கள். அதைத் திரும்பக் கொண்டுவரலாமா என்று பார்க்க அமைத்த அரச விசாரணை ஆணையத்துக்குத் தலைவர் யார் தெரியுமா, நம் செனட்டர் அத்தி நாகப்பன். தேர்தல் வேண்டும் என்றுதான் அவருடைய ஆணையம் பரிந்துரைத்தது. அரசு ஏற்கவில்லை, 1976-இல் வந்த ஊராட்சிச் சட்டம் தேர்தலுக்கு முடிவே கட்டிவிட்டது. இன்றைக்கும் நகராண்மைக் கழக உறுப்பினரை மாநில அரசுதான் நியமிக்கிறது. தோட்டமோ இன்னும் மோசம், தனியார் நிலம் என்பதால் துரை வைத்ததுதான் சட்டமாக இருந்தது. அதற்கும் முன்னால் கங்காணி. 1938-இல் அந்த முறை நிற்கும்வரை கங்காணி சொந்த ஊரிலிருந்தே ஆள் பிடித்து வந்தார், அதனால் ஊரின் சாதி மேல்கீழும் கூடவே கப்பலேறி வந்து லயத்தில் குடியேறியது. அதனால்தான் "ஊர்ப் பெரியவர் சொல்லிவிட்டார்" என்றால் இன்றும் நம் வாய் அடைத்துப்போகிறது.

சரி, தேர்தல் வந்துவிட்டதால் அங்கே எல்லாம் சரியாகிவிட்டதா? இல்லை. தலைவர் பதவிகளில் பட்டியல் சாதியினருக்கு மக்கள்தொகைக்கு ஏற்ற இடஒதுக்கீடு உண்டு, பெண்களுக்கு முதலில் மூன்றில் ஒரு பங்கு, 2016-இலிருந்து பாதி. இதைச் சிலரால் தாங்க முடியவில்லை. மதுரை மாவட்டம் மேலவளவில் தேர்ந்தெடுக்கப்பட்ட தலைவர் முருகேசனை 1997 ஜூன் 30 அன்று பேருந்தை மறித்து, உடன் வந்தவர்களோடு சேர்த்து வெட்டிக் கொன்றார்கள். பாப்பாபட்டி, கீரிப்பட்டி, நாட்டார்மங்கலம், கொட்டகச்சியேந்தல் ஆகிய நான்கு ஊராட்சிகளில் பத்து வருடம் யாரையும் தலைவராக நிலைக்க விடவில்லை, 2006-இல்தான் ஒழுங்காகத் தேர்தல் நடந்தது. 2020-இல்கூடக் கடலூர் மாவட்டம் தெற்குத் திட்டையில் பட்டியல் சாதிப் பெண் தலைவரைத் தரையில் உட்கார வைத்த படம் வெளியே வந்ததே. வெளியே தெரியாத வழியும் ஒன்று உண்டு. ஊராட்சிக் கணக்கிலிருந்து பணம் எடுக்கத் தலைவரோடு துணைத்தலைவரும் கையெழுத்துப் போட வேண்டும். ஊரில் ஆதிக்கம் உள்ள சாதியிலிருந்து வந்த துணைத்தலைவர் பேனாவைத் தொட மறுத்தால் குடிநீர்க் குழாய் வேலை அப்படியே நிற்கும். கணவர் நாற்காலியில் உட்கார்ந்திருக்க, ஓட்டு வாங்கி ஜெயித்த பெண் காபி போடுவதும் நடக்கிறது.

இப்படிப்பட்ட ஊருக்கு நாம் பணம் அனுப்பும்போது யார் கையில் கொடுக்கிறோமோ அவருடைய கை ஓங்கும். நன்கொடைக் கல்வெட்டில் நம் தாத்தா பெயர் வரும் என்பதற்காக, தலைவரைத் தரையில் உட்கார வைக்கிற ஆட்களுக்கு நாம் பலம் சேர்க்க வேண்டாம்.

அதோடு சட்டச் சிக்கலும் இருக்கிறது. மலேசியக் குடியுரிமை உள்ள நாம், ஓசிஐ அட்டை (இந்திய வம்சாவளியினருக்கு இந்திய அரசு தரும் அட்டை) வைத்திருந்தாலும், இந்தியாவின் 2010 வெளிநாட்டு நன்கொடைச் சட்டத்தின்படி வெளிநாட்டார்தான். அந்தச் சட்டத்தில் பதிவு செய்யாத, முன் அனுமதியும் வாங்காத கோயில் குழுவோ சங்கமோ நம்மிடம் நன்கொடை வாங்கக் கூடாது. சொந்தக்காரருக்கு அவர் குடும்பச் செலவுக்கு அனுப்புவது வேறு, வருடத்துக்கு 10 லட்சம் ரூபாய் வரை அவர் அரசுக்குத் தெரிவிக்கக்கூட வேண்டியதில்லை. ஊர் வசூலை அவர் கணக்கில் போட்டு விசாரணையில் மாட்டிவிடாதீர்கள். ரசீதில் குழுவின் பதிவு எண் இருக்கிறதா என்று முதலில் பாருங்கள்.

ஓசிஐ அட்டைக்கு ஓட்டு கிடையாது, கிராம சபையில் நாம் கை தூக்க முடியாது. அங்கே ஓட்டு உள்ள அத்தை மகன், சித்தப்பா பிள்ளை தூக்கலாம். கண்மாய், சமுதாயக்கூடம் என்று பேச்சு வந்தால் அவர்களிடம் இரண்டு விஷயம் கேளுங்கள்: இது கிராம சபையில் வைக்கப்பட்டதா, தீர்மானத்தின் நகல் எங்கே. "நமக்கு நாமே" திட்டத்தில் ஊர் மக்கள் செலவில் மூன்றில் ஒரு பங்கு போட்டால் மிச்சத்தை அரசு போடும் என்பதையும் சொல்லிவையுங்கள், பல பேருக்கு அங்கேயே தெரியாது. 2019-இல் தேர்தல் நடந்த 27 மாவட்டங்களில் தலைவர்களின் பதவிக்காலம் 2025 ஜனவரியில் முடிந்து, பொறுப்பு தனி அலுவலர்களிடம் போனது. தலைவர் இல்லாவிட்டாலும் கிராம சபையைக் கூட்டத்தான் வேண்டும், அப்போது கேள்வியை அந்த அலுவலரிடமே கேட்கச் சொல்லுங்கள்.