ரெம் தூக்கம்: விரைவு விழியசைவுத் தூக்கம்

தூக்க ஆய்வு அறிக்கைகளிலும் கைக்கடிகாரச் செயலிகளிலும் இன்று அடிக்கடி தென்படும் சொல் ‘ரெம்’. ‘ரேப்பிட் ஐ மூவ்மெண்ட்’ என்ற மூன்று ஆங்கிலச் சொற்களின் முதலெழுத்துகள் சேர்ந்து உருவான சுருக்கம் இது. கதிர்வீச்சை அளக்கும் பழைய அலகு ஒன்றுக்கும் ரெம் என்றே பெயர், இரண்டுக்கும் தொடர்பில்லை. தூங்குபவரின் மூடிய இமைகளுக்குள் இரு விழிகளும் ஒருசேர வெடுக்வெடுக்கென்று ஓடும் தூக்க நிலையை ரெம் குறிக்கிறது. தமிழில் இதை ‘விரைவு விழியசைவுத் தூக்கம்’ என்று சொல்வதே சரி என்பது என் துணிபு. ‘கனவுத் தூக்கம்’ என்று எழுதுவோர் பலர். கேட்க இனிமையான தொடர்தான், ஆனால் பொருள் பிழைபட்டது. அது ஏன் பிழை என்பதை, இந்தச் சொல் பிறந்த வரலாற்றைப் பார்த்தால் புரிந்துகொள்ளலாம்.

1950களின் தொடக்கத்தில் தூக்கத்தையே வாழ்நாள் ஆய்வாக எடுத்துக்கொண்டவர்கள் மிகச் சிலர். அவர்களில் முதன்மையானவர் சிகாகோ பல்கலைக்கழகத்தின் நத்தானியேல் கிளைட்மன். 1938இல் கென்டக்கி மாநிலத்தின் மாம்மத் குகைக்குள், பகலும் இரவும் தெரியாத இருட்டில், மாணவர் ஒருவருடன் 32 நாள்கள் தங்கி, உடலை 28 மணி நேர ‘நாளுக்கு’ப் பழக்க முடியுமா என்று சோதித்தவர் அவர். அவரிடம் ஆய்வு மாணவராக வந்தார் யூஜீன் அசெரின்ஸ்கி. இளங்கலைப் பட்டம்கூட இல்லாதவர். மனைவி, குழந்தை, பணமுடை ஆகியவற்றோடு வந்தவர். அவருக்குக் கிடைத்த வேலை, தூங்கும் கைக்குழந்தைகள் கண் இமைப்பதைக் கவனிப்பது. எது இமைப்பு, எது இமையின் வெறும் அசைவு என்று பிரித்தறிய முடியாமல் திணறியவர், இமையின் கீழ் நடக்கும் எல்லா அசைவுகளையும் குறித்துக்கொள்ளத் தொடங்கினார். குழந்தைகளின் தூக்கத்தில் விழிகள் அசையாமல் கிடக்கும் இடைவெளிகள் ஓர் ஒழுங்கோடு வந்துபோவது அப்போது தெரிந்தது.

அடுத்து, முழு இரவும் கருவியால் பதிவுசெய்ய முனைந்தார். கண்ணின் அசைவை மின்சாரத்தால் அளக்க முடிவதற்கு ஒரு காரணம் உண்டு. கருவிழியின் முன்பக்கம் விழித்திரையைவிடச் சற்று நேர்மின் அழுத்தம் கொண்டது. அதாவது ஒவ்வொரு கண்ணும் ஒரு சிறு மின்கலம். கண்ணோரத்தில் மின்முனைகளை ஒட்டிவிட்டால், விழி எந்தப் பக்கம் திரும்பினாலும் அந்த அழுத்தம் மாறும். நகரும் தாளின்மேல் பேனா துள்ளும். 1951 டிசம்பரில், கைவிடப்பட்டுக் கிடந்த ஒரு பழைய பதிவுக்கருவியைப் பழுதுபார்த்து, தம் எட்டு வயது மகனையே படுக்கவைத்தார். தாள் ஓடியது. நடு இரவில் விழிப்பேனாக்கள் திடீரென்று மேலும் கீழும் பாய்ந்தன. பையன் விழித்துக்கொண்டான் என்று எண்ணி அடுத்த அறைக்குப் போய்ப் பார்த்தால், அவன் கண்மூடி அயர்ந்து தூங்கிக்கொண்டிருந்தான்.

அதுவரை இதை ஏன் யாரும் காணவில்லை? மூளை மின்னலைகளைப் பதிவுசெய்யும் முறை 1920களிலேயே வந்துவிட்டது. 1937இல் தூக்கத்தைப் படிநிலைகளாகவும் பிரித்துவிட்டார்கள். ஆனால் தாளை மிச்சப்படுத்த, கருவியைச் சிறிது நேரம் ஓட்டி நிறுத்தி, மறுபடி ஓட்டுவதே வழக்கமாக இருந்தது. தூக்கம் ஓய்வுதானே, அதில் விடியவிடியப் பார்க்க என்ன இருக்கிறது என்ற எண்ணம் அந்தச் சிக்கனத்துக்குத் துணைநின்றது. கிளைட்மனும் எளிதில் நம்பவில்லை. தம் மகளைப் படுக்கவைத்துத் தாமே பார்த்த பிறகுதான் ஒப்புக்கொண்டார்.

இருவரும் எழுதிய கட்டுரை ‘சயின்ஸ்’ இதழில் 1953 செப்டம்பர் 4 அன்று வெளியானது. தூங்குபவர்களை விழி ஓடும் நேரத்தில் 27 முறை எழுப்பிக் கேட்டதில் 20 முறை விரிவான கனவைச் சொன்னார்கள். விழி ஓடாத நேரத்தில் 23 முறை கேட்டதில் 19 முறை எதுவும் நினைவில் இல்லை. மூச்சும் இதயத் துடிப்பும்கூட விழி ஓடும் நேரத்தில் வேகம் கூடியிருந்தன.

பெயர் அமைந்த விதமும் கவனிக்கத்தக்கது. அசெரின்ஸ்கியின் மனத்தில் முதலில் இருந்த அடைமொழி ‘விரைவு’ அல்ல, ‘வெடுக்கென்ற’ என்று பொருள்படும் ‘ஜெர்க்கி’. அசைவை அந்தச் சொல் இன்னும் துல்லியமாகக் காட்டும். ஆனால் ‘ஜெர்க்’ பேச்சு ஆங்கிலத்தில் வசைச்சொல்லாகவும் வழங்குவதால் அதைக் கைவிட்டு ‘ரேப்பிட்’ என்பதை எடுத்துக்கொண்டார். மூன்று சொற்களையும் ரெம் என்று சுருக்கி உலகெங்கும் பரப்பியவர், அதே ஆய்வகத்தில் மாணவராக இருந்து பின்னர் ஸ்டான்ஃபோர்டில் தூக்க மருத்துவத்தை வளர்த்த வில்லியம் டிமென்ட். அசெரின்ஸ்கியோ பட்டம் பெற்றதும் சிகாகோவை விட்டுப் போய், சால்மன் மீன்களின்மேல் மின்சாரத்தின் விளைவை ஆராயும் வேலையில் சேர்ந்தார். இவ்வளவு பெரிய வாசலைத் திறந்தவர் அதன் வழியே உள்ளே போகாமல் விட்டது, இந்த வரலாற்றைப் படிக்கும்போதெல்லாம் எனக்கு வருத்தம் தருகிறது.

1957இல் டிமென்டும் கிளைட்மனும் வெளியிட்ட எண்கள் இன்னும் வலுவானவை. ரெம் நிலையில் எழுப்பிய 191 முறையில் 152 முறை கனவு நினைவிருந்தது; மற்ற நிலைகளில் 160 முறையில் 11 முறை மட்டுமே. விழி இடவலமாக ஓடிக்கொண்டிருந்தபோது எழுப்பப்பட்ட ஒருவர், இரண்டு பேர் ஒருவர்மேல் ஒருவர் தக்காளி வீசிக்கொள்வதைப் பார்த்ததாகச் சொன்னார். கனவுக் காட்சியைக் கண் பின்தொடர்கிறது என்ற எண்ணம் இத்தகைய சான்றுகளிலிருந்து வேரூன்றியது. ரெம் என்றால் கனவு, கனவு என்றால் ரெம் என்று உலகம் முடிவுகட்டியதும் அப்போதுதான்.

அந்த முடிவு நிலைக்கவில்லை. 1962இல் உளவியல் ஆய்வாளர் டேவிட் ஃபோக்ஸ் கேள்வியை மாற்றிக் கேட்டார். ‘கனவு கண்டீர்களா’ என்பதை விட்டுவிட்டு, ‘உங்கள் மனத்தில் என்ன ஓடிக்கொண்டிருந்தது’ என்றார். ரெம் அல்லாத நிலையில் எழுப்பப்பட்டவர்களிலும் பாதிக்கு மேற்பட்ட தடவைகளில் ஏதோ ஓர் எண்ணமோ காட்சியோ சொல்லப்பட்டது. பிறகு நரம்பு உளவியலாளர் மார்க் சோம்ஸ், முன்மூளையின் சில பகுதிகள் சிதைந்தவர்களுக்கு ரெம் தூக்கம் இருந்தும் கனவு அற்றுப்போவதை எடுத்துக்காட்டினார். ஆக, ரெம்மில் கனவு மிகுதி, நீளம் மிகுதி, காட்சித் தெளிவு மிகுதி. ஆனால் இரண்டும் ஒன்றல்ல. ‘கனவுத் தூக்கம்’ என்று தமிழில் பெயரிட்டால் 1957இன் அவசர முடிவை நம் சொல்லுக்குள் பூட்டிவைக்கிறோம். விழியசைவு என்றால் கருவி கண்டதை மட்டும் சொல்கிறோம். அது எந்தக் காலத்திலும் பொய்யாகாது.

இன்னொரு பெயரும் இருக்கிறது. பிரான்சின் லியோன் நகரில் நரம்பியல் ஆய்வாளர் மிஷெல் ஜூவே பூனைகளை ஆராய்ந்தபோது, மூளை அலைகள் விழித்திருப்பதுபோல வேகமாக ஓடும் அதே நேரத்தில் கழுத்துத் தசை முற்றிலும் தளர்ந்துபோவதைக் கண்டார். 1959இல் இதற்கு ‘முரண் தூக்கம்’ என்று பொருள்படும் பிரெஞ்சுப் பெயரைச் சூட்டினார். விழிப்பு, தூக்கம் ஆகியவற்றுக்கு அப்பால் மூளைக்கு இது மூன்றாம் நிலை என்பது அவர் கொள்கை. தசையைத் தளர்த்திவைக்கும் மூளைத்தண்டுப் பகுதியைச் சிதைத்துவிட்டால், பூனை தூக்கத்திலேயே எழுந்து, இல்லாத இரையைப் பதுங்கிப் பாய்ந்தது. கனவில் நாம் ஓடியும் படுக்கையில் கிடப்பதற்குக் காரணம் இந்தத் தளர்ச்சிதான். விழித்த பிறகும் சில நொடிகள் அது விலகாமல் நின்றால் கைகால் அசையாது, மார்பை யாரோ அழுத்துவதுபோல் இருக்கும். நம் ஊர்களில் அமுக்குவான் பேய் என்று அஞ்சுவது இதைத்தான்.

‘முரண் தூக்கம்’ தமிழில் கச்சிதமான தொடர். ரெம்முக்கு மாற்றுப்பெயராக வைத்துக்கொள்ளலாம். ஆனால் மூளை அலையைப் பற்றி அறியாத வாசகருக்கு எதற்கு எது முரண் என்று விளங்காது.

சொல்லைக் கூறுகூறாகப் பார்ப்போம். ‘ரேப்பிட்’ இலத்தீனின் ‘பறித்துச் செல்’ என்ற வினையிலிருந்து வந்தது. தமிழில் ‘துரித’ என்று எழுதுவோர் உண்டு. வடமொழி வழிச் சொல் என்பதைவிட, ‘விரைவு’ இருக்கையில் அது தேவையில்லை என்பதே என் எண்ணம். சுருக்கத்துக்காக ‘விரைவிழி’ என்று வினைத்தொகையாக்கும் ஆசை எனக்கும் உண்டு. ‘ஊறுகாய்’, ‘சுடுகாடு’ போல அழகாக அமையும். ஆனால் மருத்துவத் தமிழில் ‘விரை’ ஆணின் விதைப்பையைச் சார்ந்த சொல்; ‘விரைவீக்கம்’ ஒரு நோயின் பெயர். மருத்துவமனையில் வழங்க வேண்டிய சொல்லுக்கு இந்த மயக்கம் ஆகாது. ‘ஜெர்க்கி’யை அசெரின்ஸ்கி விலக்கிய அதே காரணம்தான். ஆகவே ‘விரைவு’ முழுதாகவே நிற்கட்டும்.

‘கண்’ இமையையும் சேர்த்துக் குறிக்கும். ஓடுவது உருண்டையான விழி மட்டுமே. ‘கண் துடிப்பு’ என்றால் இமைத் துடிப்பும் அதன் நிமித்தப் பலன்களும் நினைவுக்கு வரும். ‘கண்ணோட்டம்’ இரக்கத்துக்கும் பார்வைக் கோணத்துக்கும் உரியதாகிவிட்டது. அதனால் ‘விழியசைவு’.

கடைசிக் கூறு தூக்கம். துஞ்சுதல் சங்கத் தமிழில் உறங்குதலையும் இறத்தலையும் குறித்தது; ‘குளமுற்றத்துத் துஞ்சிய கிள்ளிவளவன்’ என்பதில் இறந்துபட்டான் என்பதே பொருள். ‘துயில்’ செய்யுள் மணம் உடையது. அறிதுயில் என்ற தொடர் திருமாலின் யோக உறக்கத்துக்கு உரியது. ‘தூங்கு’ பழைய தமிழில் தொங்குதல், அசைதல். தூக்கணாங்குருவியின் பெயரில் அந்தப் பொருள் இன்னும் இருக்கிறது. பின்னாளில்தான் உறக்கத்துக்கு வந்தது. ஆனால் இன்று நோயாளியும் மருத்துவரும் பேசும் சொல் ‘தூக்கம்’ ஒன்றே. அதை மாற்றத் தேவையில்லை. சைவ சித்தாந்தம் நனவு, கனவு, உறக்கம், பேருறக்கம், உயிர்ப்படக்கம் என்று ஐந்து நிலைகளை எண்ணுகிறது. கனவை உறக்கத்திலிருந்து பிரித்துத் தனி நிலையாக வைத்த அந்த நோக்கு, ஜூவேயின் மூன்றாம் நிலையோடு ஒப்பிட்டுப் பார்க்கத்தக்கது. ஆனால் அது உயிர் பெறும் அனுபவத்தின் வகைப்பாடு; விழியசைவை அளந்து சொன்னதல்ல. அதனால் அங்கிருந்து சொல்லைக் கடன் வாங்குவது இரண்டையும் குழப்பும்.

எதிர்நிலைக்கு ‘அசைவிலாத் தூக்கம்’ என்று எழுதுவது பெரும்பிழை. புரண்டு படுப்பதும், தூக்கத்தில் எழுந்து நடப்பதும் பெரும்பாலும் ரெம் அல்லாத நிலையில்தான் நடக்கின்றன. இல்லாதது விழியின் விரைவு ஓட்டம் மட்டுமே. எனவே ‘விழியசைவிலாத் தூக்கம்’ என்று விழியை விடாமல் எழுத வேண்டும். பெரியவர்களுக்கு இந்த இரு நிலைகளும் ஏறத்தாழ 90 நிமிடச் சுழற்சியில் இரவு முழுக்க மாறிமாறி வருகின்றன. ரெம் மொத்தத் தூக்கத்தில் 20 முதல் 25 விழுக்காடு. விடியலை நெருங்க நெருங்க நீளும். பிறந்த குழந்தைக்கு ஏறத்தாழப் பாதித் தூக்கம் இதுவே.

ஜூவேயின் பூனைகளுக்கு நேர்ந்ததைப் போன்றதொரு நிலையை 1986இல் அமெரிக்காவின் மினியாபொலிஸ் நகர மருத்துவர்கள் மனிதரிடமும் கண்டு விவரித்தார்கள். தசைத் தளர்ச்சி குலைந்து, கனவில் அடிப்பதையும் உதைப்பதையும் படுக்கையிலேயே செய்துவிடும் கோளாறு அது. ஐம்பது வயது கடந்த ஆண்களிடம் மிகுதி. பலருக்குப் பல ஆண்டுகள் கழித்துப் பார்க்கின்சன் நோய் வருவதால் முன்னறிகுறியாகவும் கருதப்படுகிறது. ‘விரைவு விழியசைவுத் தூக்க நடத்தைக் கோளாறு’ என்ற பெயர் நீளம்தான். வீட்டில் ஒருவர் இரவில் இப்படிக் கைகால் வீசினால், ‘கெட்ட கனவு’ என்று விட்டுவிடாமல் நரம்பியல் மருத்துவரிடம் அந்தப் பெயரையே சொல்லிக் கேட்கலாம்.