பேட்டரியைக் கழற்றினாலும் அழியாத கடவுச்சொல்

மடிக்கணினியை இயக்கியதும், விண்டோஸ் தலைகாட்டுவதற்கு முன்பே, கறுப்புத் திரையில் ஒரு சிறு கட்டம் தோன்றிக் கடவுச்சொல்லைக் கேட்டால், கேட்பது இயங்குதளம் அன்று. மதர்போர்டில், அதாவது முதன்மைச் சுற்றுப்பலகையில் பதிந்திருந்து, இயங்குதளத்துக்கு முன்பே கணினியை எழுப்பும் பயாஸ் என்னும் ஃபர்ம்வேர் (வன்பொருளோடு பிணைந்த மென்பொருள்). விண்டோஸை மீண்டும் நிறுவினாலும், ஹார்ட் டிஸ்க்கையே மாற்றினாலும் அந்தக் கட்டம் அசைந்துகொடுக்காது.

பேட்டரியைக் கழற்றி மாட்டினால் சரியாகிவிடும் என்ற யோசனை பழைய மேசைக் கணினிகளின் காலத்தது. 1984இல் வந்த ஐபிஎம் பிசி ஏடி கணினியில், கடிகாரச் சில்லுக்குள் இருந்த 64 பைட் சீமாஸ் நினைவகத்தில்தான் அமைப்புகள் பதிவாயின. பின்னர் வந்த பல கணினிகளில் கடவுச்சொல்லும் அத்தகைய நினைவகத்திலேயே குடியிருந்தது. மின்சாரம் நின்றால் அதில் உள்ளவை அழிந்துபோகும் என்பதால், 3 வோல்ட் பொத்தான் பேட்டரியைச் சற்று நேரம் எடுத்துவைத்தாலே பூட்டு காணாமல் போனது.

மடிக்கணினி திருடனின் கைக்கு எளிதில் எட்டும் பொருள். அதனால் தயாரிப்பாளர்கள் பலர் கடவுச்சொல்லை, மின்சாரம் நின்றாலும் அழியாத ஈஈப்ராம் அல்லது ஃபிளாஷ் சில்லுக்கு மாற்றினார்கள். எட்டுக் கால்களோடு மதர்போர்டின் ஓரத்தில் ஒட்டியிருக்கும் அந்தச் சில்லுக்குள், மின்கடத்தாப் படலத்தால் முழுவதும் சூழப்பட்ட நுண்ணிய மின்முனைகள் உள்ளன. எழுதும்போது உயர் மின்னழுத்தத்தால் எலக்ட்ரான்கள் படலத்தைக் கடந்து அவற்றில் ஏற்றப்படுகின்றன. அழுத்தம் நீங்கியபின் வெளியேற வழியின்றி ஆண்டுக்கணக்கில் அங்கேயே சிறைப்பட்டிருக்கின்றன. எலக்ட்ரான் இருப்பதும் இல்லாததுமே பிட்டுகள், அதாவது 0, 1 என்னும் தரவுத் துணுக்குகள். இதில் பேட்டரிக்கு வேலையே இல்லை.

சில தயாரிப்பாளர்கள் ஒரு புறவாசலை விட்டுவைத்தார்கள்: கடவுச்சொல்லை மூன்று முறை தவறாக இட்டால் திரையில் ஒரு குறியீடு வரும்; சேவை மையத்தார் அதிலிருந்து திறவுச்சொல்லைக் கணக்கிடுவார்கள். பழைய மாடல்கள் சிலவற்றில் அந்தக் கணக்கு வெளியே கசிந்தபின், உரிமையாளருக்கான வாசல் எல்லாருக்கும் திறந்துவிட்டது. இன்டெல் சில்லு கொண்ட மேக் கணினிகளுக்கு ஆப்பிள், வாங்கிய ரசீதைப் பார்த்த பிறகே பூட்டை நீக்கித் தருகிறது. தன் திங்க்பேட் மடிக்கணினிகளில் பயாஸ் அமைப்புகளைக் காக்கும் சூப்பர்வைசர் கடவுச்சொல் மறந்தால் மதர்போர்டையே மாற்ற வேண்டும் என்கிறது லெனோவோ. கடுமையான விதிதான், ஆனால் திருட்டுக்கு எதிரான பூட்டு வேறு எப்படி இருக்க முடியும்? சில்லில் கிளிப் மாட்டி உள்ளடக்கத்தைத் திருத்தும் தொழில்நுட்பர்களும் உண்டு. கை தவறினால் பயாஸே கெட்டு, கணினி இயங்காமலே போகலாம்.

கோப்புகளின் கதை வேறு. பயாஸ் கடவுச்சொல் அவற்றை மறையாக்கம் செய்வதில்லை; டிஸ்க்குக்கெனத் தனிக் கடவுச்சொல் இடப்படாமலும் அது கழற்றக்கூடியதாகவும் இருந்தால், வேறு கணினியில் இணைத்துப் படித்துவிடலாம். டிஸ்க்கை மறையாக்கம் செய்யும் விண்டோஸ் வசதியான பிட்லாக்கர் இயங்கும் கணினியில் மட்டும் நிலைமை தலைகீழ்: அதன் சாவி பெரும்பாலும் மதர்போர்டோடு இணைந்த டிபிஎம் என்னும் பாதுகாப்புச் சில்லின் காவலில் இருப்பதால், போர்டை மாற்றச் சம்மதிக்கும் முன் 48 இலக்க மீட்புச் சாவி எங்கே இருக்கிறது என்று தேடி எடுத்துவைத்துக்கொள்ள வேண்டும்.